பூசணவலையும் புற்றும்: காலங்கடக்கும் கதைகள் பற்றிய ஒரு நோக்கு

காலத்தைக் கடந்து செல்லும் மனிதனைப் பற்றிய கதைகளுக்கு மேனாட்டுப் புனைகதையுலகில் நிலையானதோர் அமைப்பு உண்டு. 1895இல் எச். ஜி. வெல்ஸ் எழுதிய 'காலயந்திரம்' என்ற நாவலே அவ்வமைப்பை உறுதிப்படுத்தியது எனலாம். அறிஞனொருவன் ஒரு யந்திரத்தைச் செய்கின்றான். அதன் இருக்கையில் அமர்ந்து நெம்புகோலைத் தள்ளுகின்றான். நூற்றாண்டுகள் அவனைக் கடந்து ஓடுகின்றன. யந்திரத்துக்கு உயிர் இல்லை. ஆதலால் அது எதனையும் உணர்வதில்லை, தன்னைச் செலுத்துபவனிடம் எதனையும் கேட்பதுமில்லை. கைத்தொழிற் புரட்சியின் மடியிற் பிறந்த சமுதாயமொன்று காலத்தையும் புகையிரதப் பாதையைப் போலவே கற்பனை செய்தது வியப்புக்குரியதன்று.

2017 செப்ரெம்பரில் அமெரிக்காவில் ஒளிபரப்பாகத் தொடங்கி, 2024 மே மாதம் ஐந்தாம் பருவத்தோடு நிறைவெய்திய 'ஸ்ரார் ட்ரெக்: டிஸ்கவறி' என்ற தொலைக்காட்சித் தொடர் இவ்வமைப்பிலே குறிப்பிடத்தக்க மாற்றமொன்றைச் செய்தது. அங்கே யந்திரத்தினிடத்தில் ஓர் உயிர் வைக்கப்பட்டுள்ளது. பிரபஞ்சம் எங்கணும் கண்ணுக்குத் தெரியாது பரந்து கிடக்கும் ஒரு பங்கசுவின் பூசணவலை வழியாக விண்கலம் ஒரு கணத்தில் வேண்டிய இடத்துக்குப் பாய்கின்றது. சில வேளைகளில் வேண்டாத காலத்துக்கும் போய்ச் சேர்கின்றது. யந்திரத்தை அகற்றி உயிரை வைத்த இக்கதை, அவ்வுயிரை உயிராக நடத்தியதா, அல்லது வேறொரு யந்திரமாகவே பயன்படுத்தியதா என்பது ஆராயப்பட வேண்டிய வினாவாகும்.

இவ்வினாவைக் காங்கேசன்துறையிலிருந்து எழுப்புவதற்குக் காரணம் உண்டு. 1990இல் மக்கள் வெளியேறிய பின்னர் உயர்பாதுகாப்பு வலயமாக அடைபட்டுக் கிடந்து, பல ஆண்டுகளின் பின் துண்டு துண்டாகத் திறக்கப்பட்ட மண் அது. காலம் ஓரிடத்தில் ஓடி மற்றோரிடத்தில் உறைந்து நிற்றல், விட்டுச்சென்ற இடத்துக்கு வேறொரு காலத்தில் வந்து சேர்தல் ஆகியன அங்குள்ளோர்க்குப் புனைகதைச் செய்திகள் அல்ல. அத்தகைய வாசகனின் முன் இக்கதை எவ்வாறு நிற்கின்றது என்று பார்ப்பது, அதன் தொழில்நுட்பப் பகட்டை வியப்பதைக் காட்டிலும் பயனுடையது.

முதலிற் கதையின் அடிப்படையை நோக்குவோம். கி.பி. 2256இல் நிகழ்வதாகக் கூறப்படும் முதலாம் பருவத்தில், போல் ஸ்ரமெற்ஸ் என்ற விஞ்ஞானி இப்பங்கசுவை ஆராய்கின்றான். வாழ்ந்துவரும் அமெரிக்கக் காளானியலாளர் ஒருவரின் பெயரே இப்பாத்திரத்துக்கு இடப்பட்டுள்ளது. அணுவினும் நுண்ணிய தளத்திலே பௌதிகத்துக்கும் உயிரியலுக்கும் வேறுபாடில்லை என்பது அவனது கொள்கை. கப்பலினுள்ளே ஒரு தோட்டத்தில் அப்பங்கசு வளர்க்கப்படுகின்றது. அதன் வித்திகளே கலத்தை இயக்குகின்றன. ஸ்ரமெற்ஸ் இதனை அறிவின் பொருட்டே தொடங்கியவன். ஆயின் கிளிங்கன் இனத்தாருடன் போர் மூண்டதும் அவனது ஆய்வு படையின் உடைமையாகின்றது. இதனை அவன் வெளிப்படையாகவே வெறுக்கின்றான். விஞ்ஞானத்துக்கும் ஆதிக்கத்துக்கும் உள்ள உறவை இத்துணை நேராகத் தொடக்கத்திலேயே வைத்தமை இத்தொடரின் சிறப்புகளுள் ஒன்று.

கற்பனைக்கு அடியில் மெய்யான விஞ்ஞானமும் ஓரளவு உண்டு. மரவேர்களோடு கூடிவாழும் பங்கசுக்களுக்கு 1885இல் ஜேர்மானியத் தாவரவியலாளர் அல்பேட் பேர்ண்ஹாட் பிராங் பெயரிட்டார். ஸ்கொத்லாந்தின் ரைனி என்னும் ஊரிற் கிடைத்த ஏறத்தாழ 40 கோடி ஆண்டுப் பழமையுடைய கற்சுவடுகளில் இக்கூட்டு வாழ்வின் தடயங்கள் உள்ளன. 1997இல் சுசான் சிமாட் என்ற கனடிய ஆய்வாளரும் அவருடன் சேர்ந்தோரும், காட்டிலே இருவேறு இன மரக்கன்றுகளுக்கிடையிற் காபன் பரிமாறப்படுவதைக் காட்டி ஆய்வுக்கட்டுரை வெளியிட்டனர். அதன் பின்னர் மரங்கள் நிலத்தடியிற் பேசிக்கொள்கின்றன, தாய்மரம் சேய்மரத்தைப் பேணுகின்றது என்றவாறெல்லாம் செய்தித்தாள்கள் எழுதின. 2023இல் மூன்று அறிஞர் இவ்வாய்வுகளை மீளாய்வு செய்து, காட்டு நிலையில் இக்கூற்றுகளுக்குப் போதிய சான்றில்லை என எச்சரித்தனர். தொடரில் வரும் பங்கசுவுக்கு இடப்பட்ட 'புரொட்டோரக்சைற்றிஸ்' என்ற பெயரும் அத்தகையதே. அப்பெயருக்குரிய பண்டை உயிர் எட்டு மீற்றர் வரை உயர்ந்து நின்றதொன்று. அது பங்கசுதானா என்பது இன்றும் விவாதத்துக்குரியது. புனைகதை விஞ்ஞானப் பாடநூல் அன்று. இச்சுதந்திரம் அதற்கு உண்டு. ஆயினும் ஒன்று நோக்கற்பாலது. மெய்யான பூசணவலை பண்டமாற்றினால் வாழ்வது. வேரிடமிருந்து வெல்லத்தைப் பெற்று, மண்ணிலிருந்து கனியுப்பைக் கொடுக்கும். கொடுக்காது பெறுவதற்கு அங்கு இடம் குறைவு. கதையிலே விண்கலம் வலைக்கு என்ன கொடுக்கின்றது என்ற கேள்வி முதற் பருவம் முழுவதிலும் எழவேயில்லை.

அவர்கள் ஆங்கிலத்தில் வழங்கும் சொல்லைத் தமிழில் 'வலை' என்றே பெயர்க்க வேண்டியுள்ளது. ஆனால் வலை என்றதும் மயிலிட்டியிலும் காங்கேசன்துறையிலும் உள்ளோர்க்கு நினைவுக்கு வருவது பாதை அன்று, பிடிபடுதல். கதாசிரியர்கள் வலையை வழியாகவே கண்டனர். அது தன்னுட் புகுந்ததைப் பிடித்து வைத்திருக்கவும் கூடியது என்பதை அவர்கள் உணர்ந்த இடங்களிலேதான் கதை உயர்கின்றது.

அவ்வாறான முதலாவது இடம் நீர்க்கரடி பற்றியது. வலையினூடே திசையறிந்து செல்ல அதற்கு இயல்பாகவே ஆற்றலுண்டு. ஆதலின் அதனைக் கட்டிவைத்து ஊசிகளால் இணைத்து மாலுமியாக்குகின்றனர். ஒவ்வொரு பாய்ச்சலும் அதற்கு நோவைத் தருகின்றது. மைக்கேல் பேர்ணம் என்ற தலைமைப் பாத்திரமே அந்நோவை முதலில் உணர்பவள். ஐந்தாம் அத்தியாயத்தில் நீர்க்கரடி விடுவிக்கப்படுகின்றது. அதன் மரபணுக்களைத் தன்னுடலில் ஏற்றிக்கொண்டு ஸ்ரமெற்ஸ் அவ்விடத்தை நிரப்புகின்றான். பிற உயிரின் துன்பத்தைத் தன்னுடலில் வாங்கிக்கொள்ளும் விஞ்ஞானி என்ற வகையில் இது உயர்ந்த கற்பனை. ஆயினும் துன்பம் ஒழியவில்லை, ஆள்தான் மாறினான். போரின் தேவை அப்படியே இருக்கின்றது. ஒரே அத்தியாயத்தில் மட்டும் 133 முறை அவன் பாயவேண்டியிருக்கின்றது.

இரண்டாவது இடம் காலத்தோடு நேராகத் தொடர்புடையது. ஹரி மட் என்ற வஞ்சகன் கப்பலைக் கைப்பற்றும் பொருட்டு முப்பது நிமிடங்களை மீண்டும் மீண்டும் நிகழச் செய்கின்றான். கப்பலிலுள்ள யாவரும் ஒவ்வொரு முறையும் முன்னதை மறந்துவிடுகின்றனர். வலையோடு உடல் கலந்த ஸ்ரமெற்ஸ் மாத்திரம் மறப்பதில்லை. ஒவ்வொரு சுற்றிலும் அவன் ஓடிச்சென்று, நடக்கப்போவதைச் சொல்லி, நம்பாத ஒருவரை நம்பவைக்க வேண்டும். நம்பிய கணத்தில் நேரம் முடிந்துவிடும். மீண்டும் அந்நியனாகவே தொடங்க வேண்டும். அடுத்த முறை தன்னை விரைவில் நம்பவைக்கக்கூடிய ஓர் இரகசியத்தை, தான் எவரையும் காதலித்ததில்லை என்பதை, பேர்ணம் அவனிடம் சொல்லி வைக்கின்றாள். விளையாட்டாக நகரும் அத்தியாயம் இது. ஆயினும் அதனடியில் உள்ள பொருள் விளையாட்டன்று. நினைவுள்ளவன் நினைவற்றோர் நடுவே படும் தனிமையே அது. முகாமிற் பிறந்து வளர்ந்த பேரப்பிள்ளைக்கு, தான் பார்த்திராத காணியின் எல்லைக்கல் எங்கிருந்தது, கிணறு எத்திசையில், வேலியோரப் பூவரசு எது என்று ஒவ்வொரு முறையும் புதிதாகத் தொடங்கிச் சொல்லும் முதியவரை அறிந்தவர்கள், ஸ்ரமெற்ஸின் களைப்பை விளக்கமின்றியே புரிந்துகொள்வர்.

மூன்றாவது இடத்திலேதான் தொடர் வழுக்கி விழுகின்றது. கண்ணாடிப் பிரபஞ்சத்தில் அகப்பட்ட விண்கலம், அங்கே வலையை அரித்துக்கொண்டிருந்த பேருலையை அழித்துவிட்டு வலைவழியே மீள்கின்றது. ஆனால் ஒன்பது மாதங்கள் பிந்தி வந்து சேர்கின்றது. கப்பலில் இருந்தோர்க்கு அது சில நாட்கள்; வெளியே உலகம் ஒன்பது மாதம் மூத்துவிட்டது; அவர்கள் இறந்தோராகக் கணிக்கப்பட்டுவிட்டனர். இத்தகைய நிலையினின்று எத்துணையோ வினாக்கள் பிறக்கக்கூடும். பிள்ளையைத் தொட்டிலில் விட்டு வந்தவன் நடக்கும் பிள்ளையைக் காண்பானா? மணமுடிக்கக் காத்திருந்தவள் காத்திருந்தாளா? ஆண்டுத் திவசம் நெருங்கிய வீட்டினுள் உயிரோடு நுழைபவனை யார் முதலில் காண்பார்? தொடர் இவற்றின்முன் நின்று பார்ப்பதில்லை. ஒன்பது மாதங்களும் ஒரேயொரு செய்தியாகச் சுருங்கிவிடுகின்றன: எதிரி ஏறத்தாழ வென்றுவிட்டான். படைத்தலைமை மேசையில் விரிக்கப்படும் வரைபடத்தில் இழந்த நிலங்களே காட்டப்படுகின்றன. இழந்த காலத்துக்கு வரைபடம் இல்லை.

இக்குறை கதாசிரியர்களுக்கு ஓரளவு தெரிந்திருந்தது என்றே கருத இடமுண்டு. மூன்றாம் பருவத்தில் விண்கலம் 930 ஆண்டுகள் எதிர்காலத்துக்குச் செல்கின்றது. அங்கு கப்பலோரின் துயரத்துக்குச் சிறிது இடமளிக்கப்பட்டுள்ளது. விட்டுவந்தோர் எல்லாரும் எப்போதோ இறந்துவிட்டனர் என்ற உண்மை அவர்களை உள்ளிருந்து உடைக்கின்றது. ஆனால் அப்பயணம் பூசணவலை வழியே நிகழ்ந்ததன்று. வேறொரு பொறியினால் திறக்கப்பட்ட துளையூடாக நிகழ்ந்தது. உயிருள்ள வலைக்கும் இழந்த காலத்துக்கும் உள்ள உறவு இவ்வாறு கைநழுவிப் போயிற்று.

ஆயினும் நடுவே ஓரிடம் உண்டு. இத்தொடரை ஒதுக்கிவிட முடியாமற் செய்வது அதுதான். ஸ்ரமெற்ஸின் வாழ்க்கைத் துணைவனாகிய வைத்தியன் ஹியூ கல்பர் முதலாம் பருவத்திற் கொல்லப்படுகின்றான். இரண்டாம் பருவத்தில், வலையினுள்ளே அவன் ஏதோ ஒரு வடிவில் எஞ்சியிருப்பது தெரியவருகின்றது. வலையில் வாழும் உயிர்கள் அவனைச் சிதைத்து உணவாக்க முயல்கின்றன. அதுவே அவற்றின் இயல்பு. அவனோ அவற்றுக்கு நஞ்சாகிய மரப்பட்டையை உடலிற் பூசித் தற்காத்துக்கொண்டு, அறியாமலே அவற்றின் உலகை அழித்துவருகின்றான். ஈற்றில் அவனுக்குப் புதியதோர் உடல் வனைந்து கொடுக்கப்படுகின்றது, வீடு திரும்புகின்றான். வழக்கமான கதையாயின் இத்தோடு சுபம். இங்கோ அதன் பின்னரே துன்பம் தொடங்குகின்றது. புதிய உடலில் பழைய தழும்பு இல்லை. விரும்பி உண்ட உணவு நாவுக்கு அந்நியமாயிருக்கின்றது. அன்பு செய்தவனின் முகம் நினைவில் இருக்கின்றது, உடலில் இல்லை. தன்னை வரவேற்கக் காத்திருந்தவனை விட்டு அவன் பிரிந்து செல்கின்றான்.

தழும்பு இல்லாத உடல் என்னும் இச்சிறு குறிப்பு, கதையின் பேருலைகளையும் பெரும்போர்களையும் விட ஆழமானது. காலம் உடலில் எழுதியதே தழும்பு. அதனை அழித்துவிட்டு ஒருவனைத் திருப்பித் தருவது அவனைத் திருப்பித் தந்ததாகாது. இவ்வுண்மையைக் கண்ட கதாசிரியர்கள் அதனையே மையமாக்காமற் சில அத்தியாயங்களோடு விட்டுவிட்டமை வருந்தத்தக்கது.

தமிழ் மரபிலும் நிலத்தடியே, உயிருள்ள ஒன்றினுள்ளே, காலத்தைக் கடந்த மனிதரைப் பற்றிய கதைகள் வழங்கிவந்துள்ளன. அவற்றின் இடம் புற்று. கறையான் புற்றைப் பூசணவலையோடு ஒப்பிடுவது வெறும் உவமை நயத்துக்காகவன்று. இலங்கையிற் பரவலாகவுள்ள ஒடொன்ரொரேர்மிஸ் என்னும் சாதிக் கறையான்கள் புற்றினுள்ளே பங்கசு வளர்ப்பவை. உக்கிய மரத்தையும் சருகையும் மென்று கொணர்ந்து, அதன்மீது பூசணவலையைப் படரவிட்டு, பங்கசு பதப்படுத்தித் தந்ததையே உண்டு வாழ்கின்றன. மழைக்குப் பின் புற்றிலே முளைக்கும் காளான் அத்தோட்டத்தின் வெளிப்பாடு. ஏறத்தாழ மூன்று கோடி ஆண்டுகளாக இக்கூட்டு நிலைத்துவருகின்றது. ஆக, புற்று என்பது மண்மேடு மாத்திரமன்று. உயிருள்ள பங்கசுவலையைத் தன்னகத்தே கொண்ட ஒரு வீடு.

தவத்திலமர்ந்தவனைப் புற்று மூடியதும், அவன் அதனுள்ளிருந்து வான்மீகியாக வெளிப்பட்டதும் யாவரும் அறிந்த கதை. வான்மீகம் என்பது புற்றின் பெயரே. பாரதத்தில் வரும் சியவன முனிவரின் கதை இன்னும் கூரியது. புற்றினுள்ளே ஒளிர்ந்த இரு பொருள்களை விளையாட்டாகக் குத்துகின்றாள் சுகன்னி என்ற அரசிளங்குமரி. அவை முனிவரின் கண்கள். கண்ணிழந்த கிழவரை அவள் மணக்கின்றாள். பின்னர் அவர் இளமை பெறுகின்றார். திருவாரூரில் இறைவனே புற்றிடங்கொண்டவராக, வன்மீகநாதராக வழங்கப்பெறுகின்றார். யாழ்ப்பாணத்து நாகதம்பிரான் வழிபாட்டிலும் புற்றுக்கு இடமுண்டு. இக்கதைகளிற் பயணி எங்கும் போவதில்லை என்பது மனங்கொள்ளத்தக்கது. இருந்த இடத்திலேயே இருக்கின்றான். உலகம் அவனைக் கடந்து போகின்றது. புற்று அவனைச் சுமந்து செல்வதில்லை, வைத்திருக்கின்றது. அதற்கு அவன் உடலால் விலை கொடுக்கின்றான்: ஒருவன் பெயரை இழக்கின்றான், ஒருவர் கண்ணை.

'இவையெல்லாம் நம் முன்னோர்க்கு முன்பே தெரியும்' என்று மார்தட்டுவோர்க்கு இங்கு இடமில்லை. புற்றினுள்ளே பங்கசுத் தோட்டம் இருப்பதைப் புராணகாரர் அறிந்திருக்கவில்லை, அறிந்திருக்க வேண்டியதுமில்லை. அவர்கள் கண்டது வேறு. ஓரிடத்தில் அசையாது கிடப்பதன்மேல் மண்ணும் உயிரும் ஏறிவருவதைக் கண்டனர். அதனைக் காலத்தின் வடிவமாகக் கொண்டனர். விஞ்ஞானப் பெருமைக்காக அக்கதைகளைத் திருத்தி எழுதுவது அவற்றிலுள்ள அவதானத்தைக் கெடுப்பதாகும்.

கல்பரின் தழும்பற்ற உடலுக்கு எதிரே நிறுத்தத்தக்க காட்சி மணிமேகலையில் உள்ளது. மணிபல்லவம் நயினாதீவே என்று கொள்வாரும் மறுப்பாரும் உளர். அவ்விவாதம் இங்கு வேண்டியதில்லை. அத்தீவிலுள்ள புத்த பீடிகை, தன்னைக் கண்டோர்க்கு முற்பிறப்பை உணர்த்துவது. இதனையும் ஒருவகைக் காலப் பயணம் எனலாம். அமுதசுரபியை ஏந்திய ஆபுத்திரன் சாவகம் செல்லும் வழியில் அத்தீவில் தனித்து விடப்படுகின்றான். உண்பிக்க எவருமில்லாத இடத்தில் பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டு, உண்ணாதிருந்து உயிர் துறக்கின்றான். சாவகத்திற் புண்ணியராசனாகப் பிறந்து அரசாளும் அவன், மணிமேகலையின் சொற்கேட்டு மீண்டும் அங்கே வருகின்றான். பீடிகை காட்டும் அறிவு மட்டும் அவனுக்குப் போதியதாயில்லை. மணலை அகழ்ந்து தன் முன்னைய உடம்பின் எலும்புகளைத் தானே காண்கின்றான். அவனைத் தனியே விட்டுச் சென்றதற்கு வருந்தித் திரும்பிவந்து, அவனிறந்ததறிந்து உயிர்விட்ட ஒன்பது வணிகரின் எலும்புகளும் அங்கேயே கிடக்கின்றன.

சாத்தனார் இங்கு செய்திருப்பதைக் கூர்ந்து நோக்க வேண்டும். முற்பிறப்பை உணர்த்தியதோடு அவர் நிறுத்தியிருக்கலாம். காப்பியக் கொள்கைக்கு அதுவே போதும். ஆனால் அவர் மன்னனைக் குனியவைத்து மண்ணைக் கிளறச் செய்கின்றார். அறிந்ததை எலும்பு உறுதிசெய்கின்றது. அதுமாத்திரமன்றி, தன்னிறப்பு பிறர்க்கு என்ன செய்தது என்பதையும் மண் அவனுக்குக் காட்டுகின்றது. டிஸ்கவறி கப்பல் ஒன்பது மாதம் பிந்தி வந்தபோது கேட்கத் தவறிய வினாவுக்கு ஒன்பது வணிகரின் எலும்புகள் விடையாகக் கிடப்பது தற்செயலே. ஆயினும் எண்ணத் தூண்டுவது.

மணிபல்லவத்தின் மணலிலிருந்து காங்கேசன்துறையின் கல்லுக்கு வருவோம். யாழ்ப்பாணக் குடாநாட்டின் அடித்தளம் மயோசின் காலச் சுண்ணக்கல். கடல்வாழ் உயிர்களின் ஓடுகளும் கூடுகளும் படிந்து இறுகியது அது. நீர் அதனைக் கரைத்துக் கரைத்து நிலத்தடியே குகைகளையும் வழிகளையும் உண்டாக்கியுள்ளது. கடலோரத்திலே கீரிமலையில் நன்னீர் ஊறுவதும் இதனாலேயே. நிலாவரையின் ஆழ்கிணற்றில் இட்ட எலுமிச்சம்பழம் கீரிமலைக் கேணியில் வந்து மிதந்தது என்று சொல்லிவருவார்கள். கண்ணுக்குத் தெரியாத வலையொன்று ஊர்களை அடியால் இணைக்கின்றது என்ற எண்ணம் இம்மக்களுக்குப் புதிதன்று. கீரிமுகம் நீங்கிய நகுல முனிவர், குதிரைமுகம் நீங்கிய சோழ இளவரசி, அவள் எடுப்பித்த மாவிட்டபுரம் கோயில், அக்கோயிலுக்குரிய காங்கேயன் திருவுருவம் வந்திறங்கியதால் அமைந்த துறைப்பெயர் ஆகிய ஐதிகங்கள் அனைத்தும் அந்நீரைச் சூழ்ந்தே எழுந்துள்ளன. அங்கே நீராடியோர் இழந்த உருவை மீளப்பெறுகின்றனர். கல்பருக்குக் கிடைத்ததும் அத்தகையதொரு வரமே.

அதே கல்லை 1950இல் நிறுவப்பட்ட சீமெந்துத் தொழிற்சாலை அகழ்ந்து அரைத்தது; 1990இல் போர் அதனை நிறுத்தியது. புகையிரதமும் அவ்வாண்டிலே நின்று, 2015 ஜனவரியிலேயே மீண்டும் காங்கேசன்துறை வந்தடைந்தது. மயிலிட்டித் துறைமுகப் பகுதி 2017 ஜூலையில் விடுவிக்கப்பட்டது. நாகபட்டினத்துக்கான பயணிகள் கப்பல் 2023 ஒக்ரோபரில் தொடங்கியது. விடுவிக்கப்படாத காணிகளைப் பற்றிய கோரிக்கை இன்னும் ஓயவில்லை. இருபத்தைந்தும் இருபத்தேழும் ஆண்டுகள் கழித்து உள்ளே சென்றோர் கண்டது கூரையிழந்த சுவர்களையும், அறைகளினுள்ளே வளர்ந்து நின்ற மரங்களையும். மரம் இருந்த இடமெங்கும் கறையான் தன் தொழிலைச் செய்திருந்தது. மனிதரை வெளியே நிறுத்திய வேலி, வேரையும் பூசணத்தையும் கறையானையும் நிறுத்தவில்லை.

இங்கே இரு கதைகளும் உரைத்துப் பார்க்கப்படுகின்றன. டிஸ்கவறியின் காலப் பாய்ச்சலில் பயணி இளமையோடு இருக்கின்றான், இடம் மூப்படைகின்றது. வலிகாமம் வடக்கில் அவ்வாறன்று. வெளியேறியவனும் மூத்தான், வீடும் மூத்தது, ஆனால் இருவரும் ஒருவரையொருவர் காணாது வெவ்வேறாக மூத்தனர். மேனாட்டுக் கதைக்கு இவ்விரட்டை மூப்புப் பற்றிய சிந்தனை இல்லை. ஏனெனில் அதன் கப்பல் எப்போதும் வீட்டையும் உடன் கொண்டே செல்கின்றது. புற்றுக்கதையும் இதனை முழுமையாகத் தாங்காது. முனிவர் தாமாக விரும்பி அமர்ந்தவர். ஆபுத்திரன் கதையே மிக அண்மித்து வருகின்றது. விரும்பாது விடப்பட்டவன் அவன்; திரும்பி வந்து கிளறிப் பார்ப்பவனும் அவனே.

ஈழத்துத் தமிழிலே விஞ்ஞானப் புனைகதை பெரிதாக வேரூன்றாமைக்குப் பல காரணங்கள் கூறப்படலாம். ஆதர் சி. கிளார்க் 1956 முதல் 2008இல் மறையும்வரை இலங்கையிலேயே வாழ்ந்து, இந்நாட்டு மலையொன்றைத் தழுவி விண்ணேணிக் கதையும் எழுதினார். அவரது நிழல் தமிழ் எழுத்தின்மீது அதிகம் விழவில்லை. விண்கலமும் வேற்றுக்கிரகமும் நமக்கு அந்நியம் என்று சொல்லி ஒதுங்குவது எளிது. ஆனால் வகைமையின் உயிர் விண்கலத்தில் இல்லை. 1971இல் அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் எழுதிய ஒரு கதையில், ஒரு கோளின் தாவரங்கள் யாவும் வேரால் இணைந்து ஒரே உணர்வாக இருக்கின்றன, மனிதர் வந்திறங்கியதும் அது அஞ்சுகின்றது, அவ்வச்சமே கதை. அதன்மீது எவரும் ஏறிச் சவாரி செய்வதில்லை. சுண்ணக்கல்லின் அடியே படர்ந்து, வேலிக்குள்ளும் புறமும் ஒன்றாயிருந்து, அங்கே விழுந்த ஒவ்வோர் ஓட்டையும் ஒவ்வொரு கதவு நிலையையும் தின்று வைத்திருக்கும் ஒரு வலையைத் தமிழ் எழுத்தாளர் ஒருவர் கற்பனை செய்வாராயின், அது இரவற் கற்பனை ஆகாது. அவர் தவிர்க்க வேண்டியது ஒன்றே. வலை எல்லாவற்றையும் காத்து வைத்திருந்தது, கேட்டதும் திருப்பித் தந்தது என்ற ஆறுதலை எழுதிவிடக் கூடாது. கறையான் தின்ற நிலை மீண்டும் நிலையாவதில்லை. தின்றதனால் வளர்ந்த காளானைத்தான் அது தரும்.

டிஸ்கவறியின் ஐந்தாம் பருவத்தில் வித்தி இயக்கியை மேலும் விருத்திசெய்யும் திட்டம் கைவிடப்பட்டதாக ஸ்ரமெற்ஸ் அறிகின்றான். வலைக்கு நோகின்றது என்பதற்காக அன்று. வேறொரு புதிய இயக்கி கிடைத்துவிட்டது என்பதற்காக. தன் வாழ்நாள் உழைப்புக்கு நேர்ந்த கதியை எண்ணி அவன் கலங்குகின்றான். இத்தனை காலமும் சுமந்து திரிந்த வலையைப் பற்றி, ஐந்து பருவங்களின் பின்னரும், கப்பலில் எவரும் எதுவும் கேட்பதில்லை.